வெளிச்சம் மாறுவதற்குள்

பாலு மகேந்திராவை ஒளிப்பதிவாளராக நினைவில் வைத்திருப்பவர்கள் பலர். இயக்குநராக நினைவில் வைத்திருப்பவர்கள் அவர்களைவிடப் பலர். அவர் ஒரு படத்தொகுப்பாளர் என்று சொன்னால், சிங்கப்பூரில் என்னுடன் வேலை செய்யும் இளைஞர்கள்கூடச் சற்று யோசித்துவிட்டுத்தான் தலையசைக்கிறார்கள். ஆனால் 1988-இல் வெளியான ‘வீடு’ படத்தில் ஒளிப்பதிவு, படத்தொகுப்பு இரண்டுக்கும் அவர் பெயர்தான் வருகிறது. ‘மறுபடியும்’ (1993), ‘சதி லீலாவதி’ (1995) ஆகியவற்றிலும், கடைசிப் படமான ‘தலைமுறைகள்’ (2013) வரையிலும் இதே நிலைதான். தமிழ்த் தொலைக்காட்சி நிகழ்ச்சிகளுக்காகப் பல ஆண்டுகளாக இந்தத் தீவில் கேமராவும் பிடித்து, பிறகு அதே காட்சிகளை எடிட்டிங் அறையில் உட்கார்ந்து வெட்டியும் பிழைப்பவன் என்பதால், அவருடைய தொழில்வாழ்க்கையை இந்த இரண்டாவது பக்கத்திலிருந்து பார்த்து எழுத வேண்டும் என்ற ஆசை எனக்கு நெடுநாளாக உண்டு. அவர் கத்தரிக்கோலையும் கையில் எடுத்ததற்குச் செலவுச் சிக்கனம் என்றும் பிடிவாதம் என்றும் காரணம் சொல்வார்கள். இரண்டிலும் கொஞ்சம் உண்மை இருக்கக்கூடும். என் எண்ணம் வேறு: அவர் தேர்ந்துகொண்ட வெளிச்சமே அவரைப் படத்தொகுப்புக்கு இழுத்துக்கொண்டு போனது.

வாழ்க்கைக் குறிப்புகளை விரைவாகச் சொல்லிவிடுகிறேன். 1939-இல் மட்டக்களப்பை அடுத்த அமிர்தகழியில் பிறந்தவர். புனே திரைப்படக் கல்லூரியில் ஒளிப்பதிவு பயின்று 1969-இல் வெளியே வந்தவர். அவருடைய பட்டயப் படத்தைப் பார்த்துவிட்டு ராமு காரியாட் தம்முடைய ‘நெல்லு’ என்ற மலையாளப் படத்தை அவரிடம் ஒப்படைத்தார்; 1974-இல் வெளியான அந்தப் படம் அவருக்குக் கேரள அரசின் விருதைப் பெற்றுத் தந்தது. 1977-இல் கன்னடத்தில் ‘கோகிலா’வைத் தாமே இயக்கி, அதன் ஒளிப்பதிவுக்குத் தேசிய விருது பெற்றார். அடுத்த ஆண்டு மகேந்திரனின் ‘முள்ளும் மலரும்’ மூலமாகத் தமிழுக்கு ஒளிப்பதிவாளராக வந்தார். ‘மூன்றாம் பிறை’ (1982) மீண்டும் ஒரு தேசிய விருதைக் கொண்டுவந்தது. மணிரத்னத்தின் முதல் படமான ‘பல்லவி அனு பல்லவி’க்கும் (1983) கேமரா அவருடையதே. இந்தக் காலம் முழுவதும் வெட்டும் வேலை வேறொருவர் கையில் இருந்தது. ‘மூடுபனி’யையும் ‘மூன்றாம் பிறை’யையும் தொகுத்தவர் டி. வாசு, ‘பல்லவி அனு பல்லவி’யைத் தொகுத்தவர் பி. லெனின். இருவரும் தேர்ந்த கைகள். அப்படியிருந்தும் அவர் பிற்பாடு அந்த நாற்காலியில் தாமே போய் உட்கார்ந்தார் என்பதுதான் இங்கே கவனிக்க வேண்டிய செய்தி.

இயற்கை ஒளியில் படம்பிடிப்பது என்றால், விளக்கு வாடகையை மிச்சப்படுத்துவது என்று பலர் நினைத்துக்கொள்கிறார்கள். பிலிம் காலத்தில் அது அவ்வளவு எளிதான காரியமாக இருக்கவில்லை. எழுபதுகளில் பரவலாகப் புழங்கிய ஈஸ்ட்மேன் வண்ண நெகட்டிவின் வேகம், அதாவது ஒளியை உணரும் திறன், 100 ஏ.எஸ்.ஏ.; அதுவும் 3200 கெல்வின் (ஒளியின் நிறத்தை அளக்கும் அலகு) டங்ஸ்டன் விளக்குக்காகச் சமன் செய்யப்பட்டது. 5500 கெல்வினைத் தொடும் பகல் வெளிச்சத்தில் அதை ஓட்ட வேண்டுமானால், லென்ஸுக்கு முன்னால் 85 எண் ஆரஞ்சு வடிகட்டியைப் போட வேண்டும். போட்டவுடன் 100 என்பது ஏறக்குறைய 64 ஆகிவிடும். ஒரே ஒரு ஜன்னல் உள்ள அறையில் 64-ஐ வைத்துக்கொண்டு படம்பிடிப்பவர், லென்ஸின் வாயை முழுவதுமாகத் திறந்துவைத்தாக வேண்டும். அப்படித் திறந்தால் ஃபோகஸ் நிற்கும் ஆழம் சில அங்குலங்களாகச் சுருங்கிவிடும். நடிகர் ஓரடி முன்னால் வந்தாலும் முகம் கலங்கிவிடும். ஆகவே அவர் எங்கே நிற்பார், எப்போது திரும்புவார், எந்தச் சொல்லின்போது எழுந்திருப்பார் என்பதெல்லாம் கேமரா ஓடத் தொடங்குவதற்கு முன்பே முடிவாகியிருக்க வேண்டும்.

இதைவிடப் பெரிய சிக்கல் சூரியன் நிற்காமல் நகர்ந்துகொண்டிருப்பது. மணிக்கு 15 பாகை. ஓர் அறையில் இரண்டு பேர் பேசிக்கொள்ளும் சாதாரணக் காட்சியை எடுத்துக்கொள்ளுங்கள். முதலில் இருவரையும் சேர்த்து ஒரு மாஸ்டர் ஷாட், அடுத்து ஒருவர் தோளுக்குப் பின்னாலிருந்து மற்றவர் முகம், பிறகு எதிர்ப்புறம், அதன் பின் தனித்தனி குளோசப் என்று போனால், ஒன்பது மணிக்குத் தொடங்கியது முடியும்போது மதியம் ஆகிவிடும். சுவரில் விழுந்த ஜன்னல் கம்பியின் நிழல் அதற்குள் தரைக்கு இறங்கியிருக்கும். திரையிலோ அந்தப் பேச்சு இரண்டு நிமிடம்தான். ஒன்பது மணி முகத்துக்குப் பக்கத்தில் பன்னிரண்டு மணி முகம் வந்து ஒட்டிக்கொள்ளும். விளக்குகளால் ஒளியமைக்கும் ஒளிப்பதிவாளருக்கு இந்தத் தொல்லை இல்லை. அவருடைய சூரியன் ஸ்டாண்டில் நிற்கிறது, மாலைவரை நகராது. ஜன்னலை நம்புகிறவரோ, எந்த ஷாட் எந்த ஷாட்டுக்குப் பக்கத்தில் அமரப்போகிறது என்பதைக் காலையிலேயே அறிந்துவைத்து, அந்த இரண்டையும் அடுத்தடுத்து எடுத்துவிட வேண்டும். எது எதற்கு அடுத்து என்று முடிவு செய்வதுதானே படத்தொகுப்பு? அந்த வேலையைப் படப்பிடிப்புத் தளத்திலேயே பாதிக்குமேல் முடித்துவிட்ட மனிதர், மீதிக்கு மட்டும் இன்னொருவரிடம் போவது காலப்போக்கில் அர்த்தமற்றதாகத் தோன்றியிருக்கும்.

இதற்கு நேரெதிரான முறையைப் பார்க்க நாம் சென்னைக்குப் போக வேண்டியதில்லை. பாலஸ்டியர் சாலையிலிருந்து பிரியும் ஜாலான் அம்பாஸுக்குப் போனால் போதும். அங்கே 8-ஆம் எண் மனையில் ஷா சகோதரர்களின் மலாய் ஃபிலிம் புரொடக்‌ஷன்ஸ் 1947 முதல் 1967 வரை இயங்கியது. பி. எஸ். ராஜ்ஹன்ஸ், எல். கிருஷ்ணன், பி. என். ராவ், பனி மஜும்தார் என்று இந்தியாவில் வேர்கொண்ட இயக்குநர்கள் அங்கே மலாய்ப் படங்களை எடுத்தார்கள். 1955-இல் மலாய்த் திரையின் புகழ்பெற்ற நடிகரும் பாடகருமான பி. ராம்லீ ‘பெனாரெக் பெச்சா’வின் வழியாக இயக்குநரானதும் அதே இடத்தில்தான். ராம்லீயின் படங்களைத் தொடர்ந்து பார்ப்பவர்களுக்கு இரண்டு பெயர்கள் திரும்பத் திரும்பக் கண்ணில் படும்: கேமராவுக்கு ஏ. பக்கார் அலி, படத்தொகுப்புக்கு எச். ஆர். நாராயணா. ‘இபு மெர்துவாக்கு’வில் (1962) வரும் ஸ்டுடியோ அரங்குக் காட்சிகளைக் கவனித்தால், ஒளி எவ்வளவு திட்டமாக நிற்கிறது என்பது புரியும். முகத்துக்கு ஒரு விளக்கு, கூந்தலின் விளிம்புக்கு ஒரு விளக்கு, பின்சுவருக்கு ஒன்று. எந்த ஷாட்டை எந்த நேரத்தில் எடுத்தாலும் அவை ஒன்றோடொன்று பொருந்தும். ஆகவே நாராயணா படப்பிடிப்புத் தளத்தின் பக்கமே வராமல் தம்முடைய அறையில் உட்கார்ந்து எந்தத் துண்டையும் எந்தத் துண்டோடும் சேர்க்கலாம். தொழில்கள் பிரிந்து நிற்பதற்கு அரங்கின் வெளிச்சம் இடம் கொடுத்தது. நாராயணா போன்றவர்களைப் பற்றி நம் சமூகத்தில் யாரும் பேசுவதில்லை என்பது எனக்கு ஒரு மனக்குறை. தேக்காவில், நம் லிட்டில் இந்தியாவில், எத்தனை பேரிடம் கேட்டாலும் ராம்லீயின் பாட்டைப் பாடிக் காட்டுவார்கள். அந்தப் பாட்டுக் காட்சி எங்கே வெட்டப்பட வேண்டும் என்று முடிவு செய்தவரின் பெயர் அவர்களுக்குத் தெரியாது.

எங்கள் வேலை அந்த அரங்க மரபிலிருந்து வந்ததல்ல. தமிழ் நிகழ்ச்சிகளுக்கு இங்கே ஒதுக்கப்படும் தொகையில் ஒரு கேமரா, ஓர் ஒலிப்பதிவுக்காரர், சில நாள்களில் ஒரு மடக்கு எல்.இ.டி. விளக்கு என்பதுதான் எங்கள் படை. சென்னையில் ஒளிப்பதிவாளர்களுக்குத் தனிச் சங்கம், படத்தொகுப்பாளர்களுக்குத் தனிச் சங்கம் உண்டு. ஒருவர் வேலையில் மற்றவர் கைவைக்கத் தயங்குவார். இங்கே அந்த வேலி கிடையாது. எடுத்தவனே வெட்ட வேண்டும் என்பது வறுமையால் வந்த ஏற்பாடு. எனினும் அதனால்தான் நான் பாலு மகேந்திராவின் வழியை உள்ளிருந்து புரிந்துகொண்டேன்.

சிங்கப்பூரின் வெளிச்சம் தனி ரகம் என்பதையும் சொல்ல வேண்டும். நாம் நிலநடுக்கோட்டுக்கு ஒரு பாகை வடக்கே இருக்கிறோம். 1982-ஆம் ஆண்டுப் புத்தாண்டு முதல் நம் கடிகாரம் அரைமணி நேரம் முன்னுக்குத் தள்ளிவைக்கப்பட்டதால், உச்சிவெயில் பன்னிரண்டு மணிக்கு வராமல் ஒரு மணிவாக்கில்தான் வருகிறது. ஆண்டு முழுவதும் ஏழு மணியளவில் விடிந்து ஏழு மணியளவில் இருட்டுகிறது. மாலை மயங்கும் நேரம் இருபது நிமிடத்தைச் சற்றுத் தாண்டினால் அதிகம். மூன்றாவது ஷாட்டுக்கு லென்ஸ் மாற்றுவதற்குள் விளக்குக் கம்பங்கள் எரியத் தொடங்கிவிடும். வீவக (வீடமைப்பு வளர்ச்சிக் கழக) கட்டடங்களில் பெரும்பாலானவை வெப்பத்தைத் தவிர்ப்பதற்காக வடக்கும் தெற்கும் பார்த்தபடி கட்டப்பட்டவை. குடியிருப்பவர்களுக்கு அது குளிர்ச்சி. கேமராக்காரனுக்கு அது கொடை. நேர்வெயில் அறைக்குள் பாயாது. வானத்தின் மென்மையான ஒளி மட்டும் ஒரு பக்கத்திலிருந்து வந்து முகத்தின் பாதியைத் தொடும், மறுபாதி தாழ்வாரத்துப் பக்கத்து அரையிருட்டில் இருக்கும். இதைவிட நல்ல ஒளியை வாடகைக்கு எடுக்க முடியாது. ஆனால் பிற்பகலில் மேகம் திரண்டால் ஐந்து நிமிடத்துக்குள் அந்த ஒளி பாதியாகக் குறையும். மழை கொட்டித் தீர்ந்ததும் இரண்டு மடங்காகத் திரும்பி வரும்.

தோ பாயோவில் ஒரு பழைய புளோக்கில், பூக்கட்டி விற்றுப் பிள்ளைகளை வளர்த்த ஒரு பாட்டியை ஆவணப்படத்துக்காகப் படம்பிடித்துக்கொண்டிருந்தேன். வானம் கறுக்கத் தொடங்கியது. “இருட்டுதே தம்பி, லைட்டைப் போடட்டுமா?” என்று எழுந்தார். “வேணாம் பாட்டி, நீங்க பாட்டுக்குக் கட்டுங்க” என்றேன். பாட்டிக்கு அது பிடிக்கவில்லை. வந்தவர்களை இருட்டில் உட்காரவைப்பது மரியாதையா என்று முணுமுணுத்துக்கொண்டே நாரை எடுத்தார். குழல்விளக்கைப் போட்டிருந்தால் அதற்கு முன்னால் எடுத்த எதனோடும் அது ஒட்டியிருக்காது. அவருடைய விரல்களின் குளோசப்பை நான் முதலிலேயே எடுத்துவைத்திருந்தேன். முகத்தையும் விரலையும் சேர்க்கும் இடங்கள் இரண்டுதான் என்று மனத்துக்குள் வெட்டியும் முடித்திருந்தேன். மேகம் வந்த பிறகு எடுத்தவையெல்லாம் அவர் கணவரின் மறைவைப் பற்றிப் பேசிய பகுதிக்குத் தனியாகப் போயின. அறை மங்கியது பார்ப்பவர்களுக்குக் கதையின் மங்கலாகத் தெரிந்ததே தவிர வானிலையாகத் தெரியவில்லை.

இப்படி வெளிச்சத்தின் மாற்றத்தைக் காட்சியின் மாற்றத்தோடு இணைத்துவிடும் உத்தியை, நான் ‘வீடு’ படத்தைத் திரும்பத் திரும்பப் பார்த்துத்தான் கற்றேன். சிராங்கூன் சாலையில் வீடியோ கேசட் வாடகைக்குக் கிடைத்த காலத்தில் முதன்முதலில் அதைப் பார்த்தபோது, பாட்டே இல்லாத படமா என்று எங்கள் வீட்டில் பாதியில் எழுந்துபோனவர்கள் உண்டு. நடுத்தர வர்க்கத்து உத்தியோகப் பெண்ணொருத்தி சென்னையில் ஒரு சிறிய வீடு கட்ட முயல்வதும், ஒவ்வொரு படியிலும் பணமும் மனிதர்களும் அவளை வஞ்சிப்பதுமே கதை. அர்ச்சனாவுக்குத் தேசிய விருது வாங்கிக் கொடுத்த அந்தப் படத்தில், சொக்கலிங்க பாகவதர் நடித்த தாத்தா, பாதி கட்டிய வீட்டைத் தனியாகப் பார்க்க வரும் பகுதியை மட்டும் எடுத்துப் பேசுகிறேன். வசனம் அநேகமாக இல்லை. கிழவர் சுவரைத் தொடுகிறார், அறைக்கு அறை நடக்கிறார். திரும்பும் வழியில் இறந்துபோகிறார். பின்னணியில் இளையராஜாவின் ‘ஹவ் டு நேம் இட்’ தொகுப்பிலிருந்து எடுத்தாளப்பட்ட இசை. இன்னொரு படத்தொகுப்பாளராக இருந்திருந்தால், சுவரைத் தொடும் கை, கலங்கும் கண், மறுபடியும் கை என்று துண்டுகளாக்கி நம்மை அழவைக்க முயன்றிருப்பார். இங்கே கிழவர் ஒரு வாசலுக்குள் நுழைந்து வெளிவரும்வரை ஷாட் பொறுத்திருக்கிறது. அவர் நிழலுக்குள் போகிறார், வெளிச்சத்துக்கு வருகிறார், மறுபடி நிழலுக்குள் போகிறார். வெட்டு செய்ய வேண்டிய வேலையை அவருடைய நடையும் கட்டடத்தின் திறப்புகளும் செய்துவிடுகின்றன. இதை எடுத்தவர் எங்கே வெட்டப்போவதில்லை என்பதைத் தெரிந்துகொண்டு எடுத்திருக்கிறார். வெட்டியவர் அதற்கான காரணத்தைத் தெரிந்துகொண்டு கையைக் கட்டிக்கொண்டிருக்கிறார்.

‘மூன்றாம் பிறை’யின் இறுதிக் காட்சியோடு இதை ஒப்பிடலாம். ஊட்டிக்கு அருகிலுள்ள கேத்தி ரயில் நிலையத்தில் மழையில் நடக்கும் அந்தக் காட்சி பல துண்டுகளாக வெட்டப்பட்டது. ரயில், ஜன்னல், ஓடும் கமல்ஹாசன், விழுவது, எழுவது என்று வேகமாகப் போகிறது. மழைநாளின் வெளிச்சத்துக்குத் திசை கிடையாது, நிழலும் கிடையாது. எந்தத் துண்டும் எந்தத் துண்டோடும் சேரும். டி. வாசுவின் வெட்டுக்கு அந்த ஒளி முழுச் சுதந்திரம் கொடுத்தது. உணர்ச்சிக்காக மழை வைத்தார்கள் என்று நாம் சொல்லிக்கொள்கிறோம். எனக்கென்னவோ மழையின் மிகப் பெரிய உதவி எடிட்டிங் அறைக்குத்தான் கிடைத்தது என்று தோன்றுகிறது.

ஒருவரே இரண்டையும் செய்வதில் ஆபத்து இல்லாமல் இல்லை. சமைத்தவரே பரிமாறி அவரே முதலில் சாப்பிடும் வீட்டில், உப்பு கூடிவிட்டதைச் சொல்ல ஆள் இருக்காது. ஒரு ஷாட்டுக்காகப் பட்ட பாட்டை நினைத்தே அதைப் படத்தில் வைத்துக்கொள்ளத் தோன்றும். பார்வையாளருக்கு அந்தப் பாட்டைப் பற்றி என்ன கவலை? பாலு மகேந்திராவின் பிற்காலப் படங்களில் சில இடங்களில் முகத்தின் மேல் ஷாட் தேவைக்கு அதிகமாகத் தங்குகிறது என்பதை அவருடைய ரசிகனாகவே ஒப்புக்கொள்கிறேன். சந்தோஷ் சிவன் இந்த ஆபத்தை வேறு விதமாகக் கையாண்டார்: ‘தி டெரரிஸ்ட்’ படத்தை அவரே இயக்கி ஒளிப்பதிவும் செய்தார், வெட்டுவதை மட்டும் ஸ்ரீகர் பிரசாத்திடம் கொடுத்தார். இலைகளையும் நீர்த்துளிகளையும் இவ்வளவு நெருங்கிப் பார்க்கும் ஒரு கேமராவுக்கு வெளியாள் ஒருவர் ‘போதும்’ என்று சொல்ல வேண்டியிருந்தது. அந்தப் படத்தின் இறுக்கத்தில் பாதி ஸ்ரீகர் பிரசாத்துடையது என்பது என் கணிப்பு. அமெரிக்காவின் ஸ்டீவன் சோடர்பெர்க் இன்னும் வேடிக்கையானவர். தாமே கேமரா பிடிக்கும் படங்களில் ஒளிப்பதிவுக்குத் தந்தையின் பெயரிலிருந்து எடுத்த பீட்டர் ஆண்ட்ரூஸ் என்ற புனைபெயரையும், படத்தொகுப்புக்குத் தாயின் பெயரான மேரி ஆன் பெர்னார்டையும் போட்டுக்கொள்கிறார். அப்பா எடுத்ததை அம்மா வெட்டுகிறார். வீட்டில் அதுதான் வழக்கம் என்றால் யாரும் மறுக்கப்போவதில்லை.

எனக்கென்று நான் வைத்துக்கொண்ட தற்காப்பு, எடுத்த அன்றே வெட்டாமல் இருப்பது. கார்டுகளிலிருந்து ஹார்ட் டிஸ்க்குக்கு நகல் எடுத்துவிட்டு, சில நாள்கள் வேறு வேலை பார்ப்பேன். வெயிலில் நின்ற எரிச்சலும் நல்ல ஷாட் கிடைத்த பூரிப்பும் வடிந்த பிறகு, அவை வேறு யாரோ கொடுத்துவிட்டுப்போன காட்சிகளாகத் தோன்றும்போது உட்கார்வேன். தயாரிப்பாளர்களுக்கு இது சோம்பேறித்தனமாகத் தெரிகிறது. ஒளிபரப்புத் தேதி நெருங்கிவிட்டால் எனக்கே அப்படித்தான் தெரிகிறது.

நான் தொழிலுக்கு வந்தபோது பீட்டாகாம் வீடியோ நாடாவில் ஒன்றிலிருந்து மற்றொன்றுக்குப் படியெடுத்துத்தான் வெட்டுவோம். நடுவில் ஒரு ஷாட்டை நுழைக்க வேண்டுமானால் அதற்குப் பின்னால் உள்ளதையெல்லாம் மறுபடி ஏற்ற வேண்டும். பிலிம்காரர்களின் கட்டுப்பாடு வேறு விதமானது. 35 மி.மீ. பிலிம் நிமிடத்துக்கு 90 அடி ஓடும்; 400 அடிச் சுருள் நான்கரை நிமிடத்துக்குள் தீர்ந்துவிடும். அந்தச் சத்தம் காதில் விழும்போதே காசு கரைவது தெரியும் என்பதால், தேவையற்றதை எடுக்கும் பழக்கமே அவர்களுக்கு வரவில்லை. ‘தலைமுறைகள்’ எடுத்தபோது பாலு மகேந்திரா டிஜிட்டலுக்கு மாறியிருந்தார். அந்தப் படம் வெளியாகிச் சில வாரங்களில், 2014 பிப்ரவரி 13 அன்று அவர் காலமானார். டிஜிட்டலில் எவ்வளவு வேண்டுமானாலும் ஓடவிடலாம் என்ற வசதி கையில் இருந்தும், அந்தப் படத்தின் ஷாட்கள் பிலிம் காலத்து எண்ணிக்கையிலேயே நிற்பதைப் போல எனக்குத் தோன்றுகிறது. கை பழகிப்போன அளவு அது.

இப்போது என்னோடு வேலை செய்யும் பிள்ளைகள், “அண்ணே, கிரேடிங்ல பார்த்துக்கலாம்” என்கிறார்கள்; கணினியில் நிறத்தையும் ஒளியையும் பிறகு திருத்திக்கொள்ளலாம் என்பது அதன் பொருள். அவர்களோடு நான் சண்டை போடுவதில்லை, ஏனென்றால் பாதி உண்மை அவர்கள் பக்கம் இருக்கிறது. வெண்சமநிலை பிசகினால் சரிசெய்யலாம். மங்கிய ஷாட்டைத் தூக்கலாம். ஆரஞ்சையும் நீலத்தையும் சமன் செய்யலாம். ஆனால் மூக்கின் நிழல் ஒரு ஷாட்டில் இடப்பக்கமும் அடுத்ததில் வலப்பக்கமும் விழுந்திருந்தால், எந்த மென்பொருளும் அதைத் திருப்பி வைப்பதை நான் இன்னும் பார்க்கவில்லை. ஆகவே அவர்களைப் படப்பிடிப்புக்கு முந்தைய நாள் அந்த வீட்டுக்கு அனுப்பி, ஜன்னல் எந்தத் திசை, எந்த மணிக்கு எந்தச் சுவரில் வெளிச்சம் என்று கைப்பேசியில் படம் எடுத்துவரச் சொல்கிறேன். அதை வைத்துக்கொண்டு காட்சிகளின் வரிசையைத் தாளில் எழுதுகிறோம். அந்தத் தாளே எங்கள் முதல் எடிட்.

அடுத்த வாரம் ஈசூனில் ஓய்வுபெற்ற துறைமுகத் தொழிலாளி ஒருவரின் வீட்டில் படப்பிடிப்பு. வழக்கத்துக்கு மாறாக மேற்குப் பார்த்த வீடு. மூன்று மணிக்குமேல் வெயில் கூடத்தின் நடுவரை வந்துவிடும் என்று படங்கள் காட்டுகின்றன. பேட்டியைக் காலையிலும், அவர் பழைய புகைப்படங்களைப் பெட்டியிலிருந்து எடுத்துப் பார்க்கும் பகுதியைப் பிற்பகலிலும் வைத்திருக்கிறோம். தயாரிப்பாளர் இரண்டையும் மாற்றிப்போடச் சொல்கிறார், அவருக்கு மூன்று மணிக்கு வேறு கூட்டம் இருக்கிறதாம். அவர் இல்லாமலேயே எடுத்துவிடுகிறோம் என்று சொல்லியிருக்கிறேன்.